வேறு உலகின் கதவைத் திறக்கும் யாழ்: கதைக்காக ஒரு மாயக் கருவி செய்வது எப்படி? முழுமையான வழிகாட்டி

நாயகன் ஒரு பழைய கருவியைக் கண்டெடுக்கிறான். தூசி தட்டுகிறான். ஒரு நரம்பை மீட்டுகிறான். நீல வெளிச்சம், சுழல், கதவு, மறு உலகம். மாயக்கதை எழுத வருகிறவர்களின் கைப்பிரதிகளில் இந்தக் காட்சி அடிக்கடி வரும். கூடவே எனக்குக் கொட்டாவியும் வரும். கருவி இருந்த இடத்தில் ஒரு சாவியை வைத்தாலும், ஒரு கைபேசியை வைத்தாலும் கதை அப்படியே நடக்கும் என்பதுதான் பிரச்சினை. யாரும் சுருதி சேர்க்கவில்லை. யாருக்கும் விரல் நோகவில்லை. ஓர் அபசுரம் கூட விழவில்லை.

இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு கருவியை அடியிலிருந்து நுனி வரை செய்து பார்ப்போம். பெயர் திணையாழ். முழுக்கக் கற்பனை. கதைக்களம் கொழும்பு. நான் பிடிவாதமாக நிற்கும் விதி ஒன்றுதான்: முதலில் அது ஒழுங்கான இசைக்கருவியாக இருக்க வேண்டும், மாயம் அந்தக் கருவியின் குணத்திலிருந்தே பிறக்க வேண்டும்.

படி 1: எந்தக் கருவி?

வீணையைத்தான் பலரும் முதலில் நினைப்பார்கள். வேண்டாம் என்பேன். வெள்ளவத்தையில் ஒரு தெருவுக்குள் நுழைந்தால் வீணை படித்த பிள்ளை ஒன்றாவது இருக்கும். நீங்கள் வீணையின் மெட்டுகளில் (விரல் வைக்கும் கட்டுகளில்) ஒன்றைக் கூட்டிச் சொன்னால் அந்தப் பிள்ளை பிடித்துவிடும். நாதசுரம் கம்பீரமானதுதான், ஆனால் தொடர்மாடி வீட்டில் அதை ரகசியமாக வாசிக்க ஏலாது. முதல் ஊதலிலேயே கீழ்மாடிக்காரர் கதவைத் தட்டுவார். அது வேறு கதவு.

யாழ் வசதியானது. பெயர் எல்லோருக்கும் தெரியும், ஒலி யாருடைய காதிலும் தங்கியிருக்கவில்லை. பாணர்களோடு வாழ்ந்து, மெல்ல மெல்ல வழக்கொழிந்து போன கருவி. நமக்கு இன்னொரு சொந்தமும் இருக்கிறது. காரைதீவில் 1892இல் பிறந்த சுவாமி விபுலாநந்தர், சிலப்பதிகாரத்தின் இசைப் பகுதிகளை வைத்துக்கொண்டு, நரம்பு நீளங்களையும் சுர விகிதங்களையும் கணக்குப் போட்டு, பழைய யாழ்களின் வடிவத்தை மீட்டெடுக்க முயன்றார். அந்த ஆய்வுதான் 1947இல் வெளிவந்த யாழ் நூல். கடைசிக் காலத்தில் அவர் இலங்கைப் பல்கலைக்கழகத்தில் தமிழ்ப் பேராசிரியர். பல்கலைக்கழகம் அப்போது இயங்கியது கொழும்பில். காணாமல் போன கருவியைக் கணக்கால் தேடிய ஒரு மனிதர் இந்த நகரத்தில் நடந்து திரிந்திருக்கிறார் என்பதே ஒரு கதைக்குப் போதுமான விதை. ஆனால் அவரையே பாத்திரமாக்க வேண்டாம். அவர் வாழ்ந்த காலத்தைக் கதையின் பின்னணியாக வைத்தால் போதும்.

பழைய மரபு யாழைப் பல வகையாகச் சொல்கிறது. பேரியாழுக்கு 21 நரம்பு, மகரயாழுக்கு 19, சகோடயாழுக்கு 14, செங்கோட்டியாழுக்கு 7. நாம் 7 நரம்பையே எடுப்போம். 21 நரம்பை வாசகர் நினைவில் வைக்க மாட்டார், நீங்களும் வைக்க மாட்டீர்கள். ஏழு நரம்புக்கும் பெயர் தயாராக இருக்கிறது: குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம்.

படி 2: உடல்

கருவியின் உறுப்புகளுக்குப் புதுப்பெயர் கண்டுபிடிக்க மெனக்கெடாதீர்கள். சங்க இலக்கியத்திலேயே இருக்கின்றன: ஒலி திரளும் குடம் பத்தர், அதன்மேல் போர்த்திய தோல் போர்வை, வளைந்து எழும் தண்டு கோடு, நரம்பைக் கோட்டோடு கட்டி இறுக்கும் வார் திவவு. பொருநராற்றுப்படை பத்தரை மானின் குளம்பு பதிந்த தடத்துக்கும், போர்வைத் தோலின் நிறத்தை விளக்குச் சுடருக்கும் ஒப்பிடுகிறது. இவ்வளவு அழகான வர்ணனை கையில் இருக்கும்போது 'ஒளிரும் படிகக் கல் பதித்த கருவி' எதற்கு?

மரத்துக்குப் பலா. வீணைக்கும் தவிலுக்கும் நம் ஆட்கள் அதைத்தான் தேடுவார்கள்.

இப்போது கொழும்பின் காற்றை உள்ளே விடுங்கள். கருவி செய்கிறவர்களும் வாசிக்கிறவர்களும் இங்கே தினமும் சண்டை பிடிப்பது ஈரப்பதத்தோடுதான். தோல் ஈரத்தை உறிஞ்சித் தளரும். தோல் தளர்ந்தால் அதில் பூட்டிய நரம்பின் இழுவையும் குறையும், சுருதி இறங்கும். உலோகத் தந்தி போட்டால் கடல் உப்புக்காற்றில் துருப்பிடிக்கும். ஏசி அறைக்குள் சுருதி சேர்த்துவிட்டு பல்கனிக்குக் கொண்டு வந்தால் கொஞ்ச நேரத்தில் எல்லாம் மாறிவிடும். உங்கள் கதாநாயகி இதைத் தெரிந்து வைத்திருக்க வேண்டும். தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மே முதல் செப்டெம்பர் வரையான மாதங்களில் கருவி ஒரு குணம், ஜனவரியின் வறண்ட காலையில் இன்னொரு குணம். கதைக்கு இதைவிட நல்ல தடை வேண்டுமா? வில்லன் கூடத் தேவையில்லை, மழை போதும்.

இன்னொரு சின்ன விஷயம். இதை எப்படித் தூக்கிக்கொண்டு போவார்கள் என்று யோசியுங்கள். காலி வீதியில் 100ஆம் இலக்க பஸ்ஸில், வேலை முடிந்து வரும் கூட்டத்துக்குள், வளைந்த கோடு ஒன்று நீட்டிக்கொண்டிருக்க, கண்டக்டர் என்ன சொல்வார்? அந்த ஒரு பந்தி கருவிக்கு எடையும் நீளமும் கொடுத்துவிடும்.

படி 3: கதவு எதனால் திறக்கிறது?

இங்கேதான் நேரம் எடுத்து வேலை செய்ய வேண்டும். உயர்தரத்தில் பௌதிகவியல் படித்தவர்களுக்குச் சுரமானி, அதாவது கம்பி பூட்டிய பெட்டி, ஞாபகம் இருக்கும். இசைக்கவையைத் தட்டிப் பெட்டியின்மேல் வைப்போம். கம்பியின் நடுவில் ஒரு சிறு கடதாசித் துண்டை மடித்துப் போட்டிருப்போம். கம்பியின் மீடிறனும் (செக்கனுக்கு எத்தனை அதிர்வு என்பது) கவையின் மீடிறனும் ஒன்றாகும் இடத்தில், யாரும் தொடாமலே கம்பி அதிர்ந்து கடதாசியைத் தூக்கி எறியும். அதுதான் பரிவு. ஒரே சுருதியில் சேர்த்த இரண்டு கருவிகளில் ஒன்றை மீட்டினால் மற்றதும் மெல்ல முனகும். இந்த உண்மையை ஒரே ஒரு அடி தள்ளி வைத்தால் நமக்கு மாயம் கிடைத்துவிடும்: திணையாழுக்கு ஓர் இரட்டை உண்டு, அது மறுபக்க உலகில் இருக்கிறது. இரண்டும் ஒரே சுருதிக்கு வரும்போது இடையில் உள்ள திரை விலகும்.

அடுத்தது அடிப்புகள். 256 ஹேர்ட்ஸில் ஒரு நரம்பு, 258இல் இன்னொன்று. இரண்டும் சேர்ந்து ஒலித்தால் ஒலி செக்கனுக்கு 2 தடவை ஏறி இறங்கும். வித்தியாசத்தைக் குறைக்கக் குறைக்க அந்த ஏற்ற இறக்கம் மெதுவாகி, முழுதாகச் சேர்ந்ததும் நின்றுவிடும். வீணைக்காரர்கள், வயலின்காரர்கள் எல்லோரும் இதைக் கேட்டுத்தான் சுருதி சேர்க்கிறார்கள். நம் கதையில் கதவும் அப்படியே நடந்துகொள்ளட்டும். சுருதி விலகி இருக்கும்போது கதவு செக்கனுக்கு இரண்டு தரம் தெரிந்து மறையும். நெருங்க நெருங்க நிதானமாகும். சேர்ந்ததும் அசையாமல் நிற்கும். துடிக்கும் கதவுக்குள் காலை வைத்தால் என்ன ஆகும் என்பதை நீங்கள் எழுதவே வேண்டாம்; வாசகர் தானே நினைத்துப் பயந்துகொள்வார்.

இந்த ஒரு விதியிலிருந்து எத்தனை கேள்வி பிறக்கிறது பாருங்கள். மறுபக்க யாழின் சுருதி என்ன? அங்கே மழை பெய்தால்? அங்கே அதை யார் வைத்திருக்கிறார்கள்? அவர்கள் வேண்டுமென்றே நரம்பைத் தளர்த்தினால்?

பரிமாணம் பற்றி ஒரு வார்த்தை. நாலாவது இடப் பரிமாணமும் பக்கத்து உலகமும் ஒன்றில்லை. பல கதைகள் இரண்டையும் குழப்புகின்றன. 1921இல் கணிதவியலாளர் கலூசா, காலத்தையும் சேர்த்து எண்ணினால் ஐந்தாவதாக வரும் பரிமாணம் ஒன்றைச் சேர்த்து ஈர்ப்பையும் மின்காந்தத்தையும் ஒரே கணக்கில் எழுதினார். 1926இல் கிளைன் அது மிகச் சிறிதாகச் சுருண்டு கிடக்கலாம் என்றார். 1935இல் ஐன்ஸ்டைனும் ரோசனும் வெளியின் இரண்டு பகுதிகளை இணைக்கும் பாலம் ஒன்றைச் சமன்பாட்டில் கண்டார்கள். இவற்றைத் தெரிந்து வைத்திருங்கள், ஆனால் பாத்திரத்தின் வாயில் பாடமாகத் திணிக்காதீர்கள். யாழ் வாசிக்கிற பிள்ளைக்கு நரம்பு தெரிந்தால் போதும்.

படி 4: எந்த உலகம், எந்த நேரம்?

யாழ் போன்ற கருவியில் வீணை போல மெட்டு இல்லை. ஒரு நரம்புக்கு ஒரு சுரம். அப்படியென்றால் பண் என்ற ராகத்தை எப்படி மாற்றுவது? பழைய வழி ஒன்று இருக்கிறது, பண்ணுப்பெயர்த்தல். நரம்புகளைத் தொடாமல், ஆதாரமாகக் கொள்ளும் நரம்பை மட்டும் மாற்றுவது. குரலை ஆதாரமாக வைத்தால் செம்பாலை, துத்தத்தை வைத்தால் படுமலைப்பாலை, கைக்கிளையை வைத்தால் செவ்வழிப்பாலை என்று ஏழுக்கு ஏழு பாலை வரும். இங்கே பாலை என்பது சுர வரிசை, பாலைத் திணை வேறு. ஏழு நரம்பு, ஏழு கதவு.

தொல்காப்பியம் சொல்லும் திணையும் ஏழுதான். நடு ஐந்துக்கும் பொழுது உண்டு: குறிஞ்சிக்கு யாமம், முல்லைக்கு மாலை, மருதத்துக்கு வைகறையும் விடியலும், நெய்தலுக்குச் சூரியன் சாயும் எற்பாடு, பாலைக்கு நண்பகல். கைக்கிளைக்கும் (நரம்பு அல்ல, அதே பெயருள்ள திணை) பெருந்திணைக்கும் நிலமே இல்லை. நிலமில்லாத அந்த இரண்டு கதவுகளைத் திறந்தால் எங்கே போய் நிற்பார்கள்? அதை முதல் கதையில் சொல்லாமல் வைத்திருங்கள்.

நேரம் தவறினால்? இதற்கும் நம் இலக்கியத்தில் அடி இருக்கிறது. புறநானூற்றில் வன்பரணர், நள்ளி என்ற வள்ளலைப் பாடும்போது ஒரு குறும்பு செய்கிறார். அவன் அள்ளிக் கொடுத்ததில் பாணர்கள் தங்கள் முறையையே மறந்து, காலையில் பாட வேண்டிய மருதத்தை மாலையிலும், மாலைக்கு உரிய செவ்வழியைக் காலையிலும் வாசிக்கிறார்களாம். அங்கே அது வள்ளலுக்குப் புகழ். நம் கதையில் அதே தவறு ஆபத்து: நேரம் மாறிய பண் சரியான உலகத்தைத் தவறான பொழுதில் திறக்கும். நெய்தல் உலகத்தின் விடியற்காலையில், அலை உள்வாங்கியிருக்கும் நேரத்தில் போய் நிற்பது நல்லதற்கில்லை.

இசைக்கு உலகத்தை மாற்றும் வலிமை உண்டு என்பதும் இங்கே புதுச் செய்தியில்லை. பொருநராற்றுப்படையில் பாலைப் பண் கேட்ட வழிப்பறிக் கள்வர் ஆயுதத்தை நழுவ விடுகிறார்கள். அகநானூற்றில் ஒரு பெண் குறிஞ்சி பாட, தினை தின்ன வந்த யானை தின்ன மறந்து தூங்கிவிடுகிறது. இந்த வரிசையில் கதவு திறப்பது அடுத்த படிதான்.

படி 5: நகரத்தில் இடம் பிடித்தல்

நெய்தலுக்குக் கொழும்பில் குறைவில்லை. நமக்கு மேற்கே கடல், சூரியன் கடலுக்குள்ளேயே போகிறது. ஆண்டு முழுவதும் மாலை 6 மணியை ஒட்டித்தான் அஸ்தமனம், அதிகம் மாறாது. காலி முகத்திடல் பொருத்தமாகத் தோன்றும், ஆனால் இஸ்ஸோ வடை வண்டிகளுக்கும் பட்டம் விடும் கூட்டத்துக்கும் நடுவில் சுருதி கேட்காது. வெள்ளவத்தையில் மரைன் டிரைவ் பக்கத்து ஐந்தாம் மாடி பல்கனி நல்லது. கீழே தண்டவாளம், அதற்கு அப்பால் பாறை, அலை.

மருதத்துக்கு ஈரநிலம் வேண்டும். கொழும்பு 2018இல் ராம்சார் ஈரநில நகரமாக அங்கீகாரம் பெற்ற இடம், தலங்கமப் பக்கம் போனால் வயலும் குளமும் கொக்கும் விடியலில் கிடைக்கும். பாலைக்கு நண்பகல் 12 மணி, புறக்கோட்டை, நாட்டாமிகள் மூட்டை இறக்கும் ஏதாவதொரு குறுக்குத்தெரு. குறிஞ்சிக்குக் கொழும்பில் இடமே இல்லை, மலை இல்லையே. விட்டுவிடுங்கள். இல்லாத கதவுதான் பாத்திரத்தைப் பதுளை ரயிலில் ஏற்றும்.

இடத்தைத் தெரிவு செய்ததும் அங்கே நேரில் போய்க் கை தட்டிப் பாருங்கள். கொச்சிக்கடைப் பக்கத்துப் பொன்னம்பலவாணேசர் கோயிலின் கருங்கல் மண்டபத்தில் ஒலி சுவரில் பட்டுத் திரும்பி நிற்கும். திறந்த கடற்கரையில் தட்டிய ஒலி அப்படியே போய்விடும். எந்த இடத்தில் திணையாழ் உரத்துப் பேசும், எங்கே அடங்கிப் போகும் என்பதை அந்தக் கைதட்டல் சொல்லித் தரும்.

நகரத்தின் மற்ற ஒலிகளையும் கணக்கில் எடுங்கள். காலையில் கோயில் மணி, பள்ளிவாசல் பாங்கு, பஸ் ஹோர்ன். மாலையில் பாண் விற்கும் சூன் பான் ஆட்டோ பீத்தோவனின் மெட்டை இழுத்துக்கொண்டு ஒழுங்கைக்குள் வரும். பரிவு என்பது யாழுக்கும் யாழுக்கும் மட்டும் உரியதா? அந்த மெட்டில் ஒரு சுரம் விளரி நரம்போடு பொருந்திவிட்டால்? பாண் வாங்கப் போன ஆச்சி பாதி திறந்த கதவைப் பார்த்துவிட்டால்? நகைச்சுவைக் கதைக்கு இதுவே போதும்.

படி 6: என்ன விலை?

மாயத்துக்கு விலை இருக்க வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். உடனே இரத்தம், ஆயுளில் பத்து வருடம், அம்மாவின் முகம் மறந்து போவது என்று எழுதத் தொடங்குவார்கள். இவை தேய்ந்து போன விலைகள், கருவியோடு சம்பந்தமும் இல்லை. விலை ஒலியிலிருந்தே வரட்டும்.

மீட்டிய நரம்பின் ஒலி தேயும். நாதசுரம் போல இழுத்துப் பிடிக்க முடியாது. ஆகவே கதவு திறந்திருக்க வேண்டுமானால் யாராவது விடாமல் மீட்டிக்கொண்டே இருக்க வேண்டும். அதாவது, வாசிக்கிறவர் உள்ளே போகவே முடியாது. வழி திறக்கிறவர் ஒருவர், போகிறவர் இன்னொருவர். பரிசில் பெற்று வந்த பாணன் எதிரே வரும் பாணனுக்கு வழி சொல்லி அனுப்பும் ஆற்றுப்படை மரபுக்கு இது எவ்வளவு பக்கத்தில் இருக்கிறது என்று பாருங்கள்.

இந்த விலை மலிவானதில்லை. போனவர் திரும்பும் வரை வாசிக்க வேண்டும். ஒரு மணி நேரத்தில் விரல் நுனி எரியும். இரண்டாவது மணியில் தோல் தளரும், ஒரு கையால் வாசித்துக்கொண்டே மறு கையால் திவவைச் சரிசெய்ய வேண்டும். மின்சாரம் போகும். வீட்டுக்காரர் வருவார். வாழ்நாள் முழுக்க யாழ் படித்தவள் மறு உலகத்தை ஒரு தரமேனும் பார்த்ததில்லை. பார்த்ததெல்லாம் சுருதிப் பெட்டியைக் கூடப் பிடிக்கத் தெரியாத தம்பி. அந்தப் பொறாமையை எழுதுங்கள். என்னைக் கேட்டால், சாகசம் எல்லாம் தம்பிக்கு இருக்கட்டும், கதை அக்காவுடையதாக இருக்க வேண்டும்.

படி 7: காட்சியை எழுதுதல்

மேலே சொன்ன விதிகளை விளக்காமல் காட்சிக்குள் நுழைக்க வேண்டும். ஒரு மாதிரி:

ஐப்பசி மாதத்து இடி தெகிவளைப் பக்கம் உருண்டது. கைக்கிளை நரம்பின்மேல் மாமா மடித்து வைத்த கடதாசித் துண்டு அசையவில்லை.

"இன்னும் கொஞ்சம் ஏத்து பிள்ளை."

"ஏத்தினா அறுந்திடும் மாமா."

"அறாது. திவவைப் பிடிச்சுக்கொண்டு மெல்ல ஏத்து. நான் சொல்லேக்க நிப்பாட்டு."

கௌரி விரலால் வாரை மேலே தள்ளினாள். கடதாசி நடுங்கியது. எதிர்ச் சுவரில் ஒரு விளிம்பு தெரிந்து மறைந்தது, மறுபடி தெரிந்தது. செக்கனுக்கு நாலு தரம். பிறகு இரண்டு. தம்பி சப்பாத்து வாரைக் கட்டிவிட்டு எழுந்தான். கீழே கோட்டைப் பக்கம் போகும் ரயில் கட்டடத்தையே உலுக்கிக்கொண்டு போனது. கடதாசி துள்ளி நிலத்தில் விழுந்தது. சுவர் வெறும் சுவரானது.

"இருடா," என்றார் மாமா தம்பியிடம். பிறகு கடதாசியைக் குனிந்து எடுத்தார். "அடுத்த ட்ரெயினுக்கு இன்னும் நேரம் இருக்கு. திரும்பப் பிடி, பிள்ளை."

இதில் 'பரிவு' என்ற சொல்லும் 'அடிப்பு' என்ற சொல்லும் இல்லை. ஆனால் கடதாசி எதற்கு, கதவு ஏன் துடிக்கிறது, ரயில் ஏன் கெடுத்தது என்பதெல்லாம் புரிகிறது. மாமா பயப்படவில்லை என்பதைக் கவனியுங்கள். அவருக்கு இது பழகிய வேலை. பழகிய ஆள் ஒருவர் பக்கத்தில் இருந்தால் மாயம் நம்பும்படியாகிவிடும். எல்லோரும் வாயைப் பிளந்துகொண்டு நின்றால் வாசகர் பிளக்க மாட்டார்.

வர்ணனையில் ஒலிக்குத்தான் முதலிடம் கொடுக்க வேண்டும். 'இனிமையான நாதம் எழுந்தது' என்ற வரியை எங்கே கண்டாலும் வெட்டுங்கள். நரம்பு எப்படித் தொடங்கியது, எவ்வளவு நேரம் நின்றது, எந்தப் பொருள் கூடவே அதிர்ந்தது என்று எழுதுங்கள். அலுமாரிக் கண்ணாடி கிணுகிணுத்தது, தேத்தண்ணீர்க் கோப்பையில் வளையம் ஓடியது, அவ்வளவு போதும்.

படி 8: சரிபார்ப்பு

முதல் அத்தியாயத்துக்கு முன்பே ஒரு தாளில் நரம்பு அட்டவணை போட்டுவிடுங்கள்: நரம்பின் பெயர், அதை ஆதாரமாக வைத்தால் வரும் பாலை, திறக்கும் திணை, பொழுது, நகரத்தில் இடம். எந்தப் பாலை எந்தத் திணைக்கு என்பது உங்கள் விருப்பம், ஆனால் ஒருமுறை முடிவு செய்தபின் மாற்றக் கூடாது. நாவல் நீண்டுவிட்டால் மூன்றாம் நரம்பு ஐந்தாம் நரம்பாகிவிடும். இசை தெரிந்த வாசகர் அதைத்தான் முதலில் பிடிப்பார்.

நரம்பின் கணக்கில் ஒரு தவறு மிகவும் சாதாரணம். நரம்பின் நீளத்தைப் பாதியாக்கினால் மீடிறன் இரட்டிப்பாகும், சரி. இழுவையை இரட்டிப்பாக்கினால் மீடிறன் இரட்டிப்பாகாது, அதற்கு நாலு மடங்கு இழுவை வேண்டும். 'கொஞ்சம் முறுக்கினாள், சுரம் ஒரு ஸ்தாயி மேலே ஏறியது' என்று எழுதினால் அந்த நரம்பு கதையிலேயே அறுந்திருக்கும்.

பிறகு கைப்பிரதியை இரண்டு பேரிடம் கொடுங்கள். ஒருவர் வீணையோ வயலினோ வாசிப்பவராக இருக்கட்டும், மற்றவருக்கு இசையே தெரியாமல் இருக்கட்டும். முதலாமவர் எங்கே சிரிக்கிறார், இரண்டாமவர் எங்கே பக்கத்தைத் தள்ளுகிறார் என்று குறித்துக்கொள்ளுங்கள். முதலாமவர் சிரித்த இடத்தில் உண்மையைத் திருத்த வேண்டும். இரண்டாமவர் தள்ளிய இடத்தில் பெரும்பாலும் பண்களின் பெயர்ப்பட்டியல் இருக்கும். அதில் ஒன்றை விட்டுவிட்டு மீதியை வெட்டுங்கள்.